சூட்கேசில் வந்த கத்தரி

யாழ்ப்பாணத்து மினிபஸ்ஸில் ஏறுகிறவர்கள் பையை எஞ்சின் மூடியின்மேல் வைத்துவிடுகிறார்கள். ஓட்டுநருக்குப் பக்கத்தில், எல்லோர் கண்ணிலும் படுகிற இடம். செவ்வாய்க்கிழமை காலை நானும் அப்படியே வைத்துவிட்டுப் பின்னால் நகர்ந்து போனேன். பையில் மாற்றுச் சேலைகள், கண்ணாடிக்கூடு, வேலூரிலிருந்து வாங்கி வந்த பேடா. இவற்றுக்கு நடுவே, துண்டில் சுற்றிய ஒரு சின்ன டப்பா. "வெப்பம் படாத இடத்தில் வைக்கவும்" என்று டப்பாவின் மேலேயே போட்டிருந்தது. எஞ்சின் மூடி தோசைக்கல்லாகக் காய்கிறது என்பது எனக்குப் பாதி வழியில்தான் உறைத்தது.

அதற்குள் பஸ் நிறைந்துவிட்டது. எனக்கும் பைக்கும் நடுவில் வெங்காய மூட்டைகள், பள்ளிக்கூடப் பிள்ளைகள், மடியில் வாழைக்குலையோடு ஒரு பெரியவர். நான் இறங்க வேண்டிய மருதனார்மடம் சந்தி வந்தது, நின்றது, போயே போய்விட்டது. சந்தியில் ஆஞ்சநேயர் கோயில் பக்கமாக ஒருவர் கைகாட்டிக்கொண்டு நின்றதைப் பார்த்தேன். நானும் ஜன்னல் வழியாகக் கைகாட்டினேன்.

"பயப்பிடாதேங்கோ அக்கா, தெல்லிப்பழையிலை இறக்கிவிடுறன்" என்றார் நடத்துநர்.

"என் பை முன்னாடி இருக்குப்பா. அதுல சூடு படக்கூடாத பொருள் இருக்கு."

"என்ன, ஐஸ்கிறீமோ?"

பஸ் முழுவதும் சிரித்தது. ஆனாலும் பை தலைக்குமேல் கைமாறிக் கைமாறி என்னிடம் வந்து சேர்ந்தது. டப்பாவைத் தொட்டுப் பார்த்தேன். சூடான இட்லியைத் தொட்டது போலிருந்தது.

தெல்லிப்பழையில் இறங்கி நின்ற என்னை அழைத்துப்போக, பின்பெட்டி பூட்டிய இரண்டு சக்கர உழவு மெஷினில் வந்தார் குகன். சந்தியில் கைகாட்டிய அதே மனிதர். "நீங்கள் கை காட்டினியள், நானும் காட்டினன். பஸ் போட்டுது" என்று நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லி என்னைப் பெட்டியில் ஏற்றினார். ஒடுக்கமான செம்மண் ஒழுங்கைகளில் குலுங்கிக் குலுங்கிப் போனோம். மடியில் டப்பாவை வைத்து முந்தானையால் விசிறிக்கொண்டே போனேன்.

அந்த டப்பாவைக் கொண்டு போகத்தான் இந்தப் பயணம். நான் வேலூர்க்காரி. நகராட்சியில் பிறப்பு இறப்புப் பதிவுப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவள். அதனால் எதைக் கேட்டாலும் "எப்போது?" என்றுதான் முதலில் கேட்பேன். ஓய்வுக்குப் பிறகு எங்கள் பக்கத்து முள்ளுக் கத்திரியின் கதையைத் தேடி எழுதிக்கொண்டிருக்கிறேன். எந்த ஊருக்கு எந்த வருடம் போனது, யார் வீட்டில் விதை இருந்தது என்பது போன்ற சங்கதிகள். அதை இணையத்தில் படித்துவிட்டு எனக்கு எழுதியவர் குகனின் மனைவி பத்மா. வலிகாமத்தில் கத்தரித் தோட்டம் செய்கிறவர். கத்திரி அங்கே கத்தரி. இனி நானும் அப்படியே எழுதுகிறேன். தன் ஊதாக் கத்தரிக்குத் தானே விதை எடுத்து, கன்று வளர்த்து, அயலில் உள்ள தோட்டங்களுக்கெல்லாம் அவர்தான் கொடுக்கிறார்.

ஆவணி முடியும் தறுவாயில் அவரிடமிருந்து ஒரு செய்தி வந்தது. "அக்கா, உங்கடை ஊரிலை பருத்தி இலையை நசுக்கிப் பாக்கிற கோட்டுக் காகிதம் இருக்காமே. கொண்டு வர ஏலுமோ? என்ரை நாற்றுமேடை முழுக்க எரிக்க வேண்டி வந்திடுமோ எண்டு பயமாக் கிடக்கு."

எங்கள் பக்கத்தில் பருத்தி விதை வாங்கும்போது, அது மரபணு மாற்றிய பருத்திதானா என்று பார்க்க இந்தக் காகிதம் உண்டு. இலைச்சாற்றில் நிறுத்தினால் கோடு விழும். புழுவைக் கொல்லும் புரதம் இருந்தால் இரண்டு கோடு, இல்லாவிட்டால் ஒன்று. அதே புரதத்தைக் கத்தரிக்குள்ளும் வைத்திருக்கிறார்கள். ஆனால் அந்தக் கத்தரிக்கு இந்தியாவில் 2010 பிப்ரவரியில் தடை போட்டார்கள். அது இன்றைக்கும் நீங்கவில்லை. இலங்கையிலும் அனுமதி இல்லை. பிறகு எப்படிப் பத்மாவின் நாற்றுமேடைக்கு வந்தது? அதைத் தெரிந்துகொள்ளவே வந்தேன் என்றுகூடச் சொல்லலாம்.

"வாங்கோ அக்கா. பஸ் உங்களுக்குத் தெல்லிப்பழையும் காட்டிக்கொண்டு வந்ததோ?" என்று வரவேற்ற பத்மாவுக்கு ஐம்பது வயதிருக்கும். சிரித்தபடியே என் மடியில் இருந்த டப்பாவைத்தான் பார்த்தார். இடியப்பமும் சொதியும் கத்தரிக்காய்ப் பால்கறியும் வைத்தார். எங்கள் பக்கம் கத்தரிக்காயைப் புளியும் எண்ணெயுமாகச் சுண்டவைத்துப் பிரியாணிக்குப் பக்கத்தில் வைப்போம். காரம் மூக்கில் ஏறும். இங்கே தேங்காய்ப்பாலில் அது பிள்ளை பெற்றவளுக்குக் கொடுக்கிற பத்தியம் போல மெத்தென்று இருந்தது. இரண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

சாப்பாட்டுக்குப் பிறகு, கொடியில் கிடந்த வெள்ளை வேட்டித் துண்டுகளைக் காட்டினார். நடுவில் ஒரு சிவப்பு ரிபன்.

அந்த வீட்டில் ஒரு ஒழுங்கு உண்டு. நல்ல செடிகளில் முதலில் பிடிக்கிற காய்க்கு வேட்டித் துண்டு கட்டி, விதைக்கு விட்டுவிடுவார்கள். அடுத்த காய் கோயிலுக்கு. அதற்குப் பிறகு வருவதுதான் சட்டிக்கு. விதைக்காய் பழுத்ததும் துண்டோடு அறுத்து, குசினியில் அடுப்புக்கு மேலே கொடியில் தொங்கவிடுவார்கள். சித்திரை வருடம் பிறந்த பிறகு உடைத்து விதை எடுப்பார்கள். துண்டுகளைத் தோய்த்து அடுத்த வருடத்துக்கு வைத்துக்கொள்வார்கள்.

"துண்டெல்லாம் தோய்ச்சுக் காயப் போட்டனான். எடுக்கப் போனால் வெள்ளைக்குள்ளை சிவப்பு நிக்குது. எனக்கு நெஞ்சு பக்கெண்டது" என்றார் பத்மா. "உது என்ரை அண்ணையின்ரை சூட்கேஸ் ரிபன், அக்கா."

அண்ணை சிறி ரொறன்ரோவில் இருக்கிறார். கனடாக் குளிருக்குத் தப்பி மார்கழியில் வந்து சித்திரையில் திரும்பிப் போகிறவர். விமான நிலையத்தில் அடையாளம் தெரியட்டும் என்று சூட்கேஸ் கைப்பிடியில் சிவப்பு ரிபன் கட்டுகிற வழக்கம் அவருக்கு. போன முறை அந்தச் சூட்கேசில் சொக்லேற்றுக்கும் குளிர்க்கோட்டுக்கும் நடுவே ஒரு சிறு பொட்டலம் வந்தது. கூட வேலை செய்த பங்களாதேஷ்காரர் கொடுத்த கத்தரி விதை. "பூச்சி தொடாத கத்தரி" என்று சொல்லிக் கொடுத்தாராம். பங்களாதேஷில் 2014 முதல் விவசாயிகள் அந்த மரபணு மாற்றிய கத்தரியைப் பயிரிடுகிறார்கள். விதையைத் தாங்களே எடுத்து வைத்துக்கொள்ளவும் செய்கிறார்கள். சிறி அதைத் தங்கையின் தோட்டத்து மூலையில் விதைத்தார். காய்த்தது. தங்கை வீட்டு வழக்கத்தை நினைத்துக்கொண்டு, தானும் விதைக்காய்க்கு ரிபன் கட்டினார். போவதற்கு முன் அறுத்து, அடுப்புக்கு மேலே அதே கொடியில் தொங்கவிட்டுவிட்டு விமானம் ஏறிவிட்டார்.

புகையில் வாடிய பிறகு எல்லாக் காயும் ஒரே நிறம். விதை எடுக்கிற சமயத்தில் பத்மா, மானிப்பாய் ஆஸ்பத்திரியில் தன் இளைய தங்கைக்குத் துணையாக இருந்தார். விதை எடுத்தவர் குகன்.

"கட்டித் தொங்கினது எல்லாம் விதைக்காய்தானே எண்டு எடுத்தன்" என்றார் குகன். "உவள் எனக்கு நிறம் சொல்லேல்லை."

"முப்பது வருசமா வெள்ளைதானேயப்பா கட்டுறன்! சிவப்பைக் கண்டு ஒரு கேள்வி கேட்டிருக்கலாமே."

"கனடாவிலை இருந்து வந்தவர் கட்டினதை நான் எப்பிடிக் கேக்கிறது?"

புதன்கிழமை காலை தோட்டத்துக்குப் போனோம். பக்கத்துத் தறை நிலத்தில் குகன் மிளகாய்க்குத் தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தார். செம்மண்ணில் வாய்க்கால் நீர் ஓடுகிற அழகைப் பார்த்துக்கொண்டே நின்றுவிட்டேன். எங்கள் பாலாற்றில் நான் மணலைப் பார்த்த நாட்களே அதிகம். இங்கே ஆறே கிடையாது. ஆனால் கிணற்றுக்குள் எட்டிப் பார்த்தால் வானம் தெரிகிறது.

"உந்தத் தண்ணிதான் குடிக்கிறம், உதைத்தான் இறைக்கிறம்" என்றார் பத்மா. "கீழை முழுக்கச் சுண்ணாம்புக் கல்லு. மேலை என்ன ஊத்தினாலும் வடிகட்டாமல் உள்ளை போகும். என்ரை கிணறும் பக்கத்து வளவுக் கிணறும் அடியிலை ஒண்டுதான். கத்தரிக்கு மருந்து அடிக்கிற காலத்திலை பிள்ளையளுக்குக் குடிக்கத் தண்ணி அள்ளப் பயம் வரும். அடிக்காட்டிலும் காய் முழுக்க ஓட்டை."

ஒரு காயை ஒடித்துப் பிளந்தார். உள்ளே புழு, அது போன வழியெங்கும் கறுப்பு. தூக்கி எறிந்துவிட்டு மூலைக்குக் கூட்டிப்போனார். அங்கே சிறியின் செடிகள் வெட்டுப்பட்டுத் தழைத்து நின்றன. ஒரு காயைப் பிளந்தார். வெள்ளை. இன்னொன்றைப் பிளந்தார். அதுவும் வெள்ளை.

"ஒருக்காலும் மருந்து அடிக்கேல்லை, அக்கா. இப்பிடிக் காயை நான் இந்தத் தோட்டத்திலை கண்டதே இல்லை." அவர் குரலில் ஆசை இருந்தது. பயமும் இருந்தது. "ஒரு நாள் குழம்பு வச்சனாங்கள். ஒருத்தருக்கும் ஒண்டும் செய்யேல்லை. அது நல்ல சாமான்தான். ஆனால் என்ரை கத்தரிக்குள்ளை ஆரும் சொல்லாமல் அது வரக்கூடாது. இந்த அயல் முழுக்க என்னை நம்பிக் கன்று வாங்குது."

நான் படித்ததைச் சொன்னேன். சாப்பிட்டவர்களுக்குக் கெடுதல் வந்ததாக நான் எங்கும் படிக்கவில்லை. மருந்தடிப்பு வெகுவாகக் குறைந்ததாகத்தான் படித்திருக்கிறேன். ஆனால் புழு முட்டாள் இல்லை. எங்கள் நாட்டுப் பருத்தியில் முதலில் மருந்துச் செலவு குறைந்தது. சில வருடங்களில் இளஞ்சிவப்புக் காய்ப்புழு அந்தப் புரதத்துக்குப் பழகிக்கொண்டு திரும்பி வந்தது. அதனால் இந்தக் கத்தரியைச் சுற்றிச் சாதாரணக் கத்தரி நிரை வைக்க வேண்டும் என்பது விதி. பழகாத புழு அங்கே பிழைத்திருந்தால், பழகிய புழு பெருகாது. எது எந்தச் செடி என்றே தெரியாமல் ஊர் முழுக்கக் கலந்து நட்டால் அந்த விதியை யார் காப்பது?

"ஓம், அதுதான்" என்றார் பத்மா. "தெரியாமல் இருக்கிறதுதான் பயம்."

வேலிக்கு அந்தப் பக்கம் ஒரு தலை எழுந்தது. பக்கத்துத் தோட்டத்துச் செல்லத்துரை. வருடந்தோறும் பத்மாவிடம் கன்று வாங்குகிறவர். இந்த முறை "கனடாக் கன்று எனக்கு வேண்டாம்" என்று சந்தை முழுக்கச் சொல்லிவிட்டு வந்திருக்கிறார்.

"என்ன பத்மா, இந்தியாவிலை இருந்து டொக்டர் வந்திருக்காம்? கத்தரிக்குப் பிள்ளை தங்கியிருக்கோ எண்டு பாக்கவோ? ரெண்டு கோடு விழுந்தால் சொல்லு, சீனி வாங்கிக்கொண்டு வாறன்."

"வாங்கோ செல்லத்துரையண்ணை. மிஞ்சின காகிதத்திலை உங்களுக்கும் ஒருக்கால் பாத்துவிடுவம்."

தலை இறங்கிவிட்டது. வேலிக்குப் பின்னால் சிரிப்புச் சத்தம் மட்டும் வந்தது.

எனக்கு ஒரு கேள்வி உறுத்திக்கொண்டே இருந்தது. காய் கலந்தது ஒரு பக்கம். பூவில் மகரந்தமும் கலந்திருந்தால்? அப்படியென்றால் வேட்டித் துண்டு கட்டிய காய்களுக்குள்ளும் அது போயிருக்கும். அன்று மாலை சிறியைத் தொலைபேசித் திரையில் பிடித்தோம். ரொறன்ரோவில் விடிந்துகொண்டிருந்தது. போர்வைக்குள்ளிருந்து முகம் மட்டும் தெரிந்தது.

"சார், உங்க செடி எப்போ பூத்தது?"

"அது... பூத்தது, பூத்ததுதான்."

"தேதி?"

"தேதி எப்பிடித் தெரியும்! பங்குனித் திங்களுக்கு அம்மன் கோயிலுக்குப் பொங்கப் போய் வந்த அண்டைக்குத்தான் முதல் பூவைக் கண்டனான். படம் எடுத்து அனுப்பினனான்."

பத்மாவிடம் திரும்பினேன். "நீங்க வேட்டித் துண்டு கட்டினது?"

"தைப்பொங்கலுக்கு முதல். பொங்கலுக்கு இரண்டாம் காய் கோயிலுக்குக் குடுத்தனாங்கள்."

சந்தோஷத்தில் என்னால் உட்கார முடியவில்லை. தையில் பிடித்துவிட்ட காய்க்குள் பங்குனிப் பூவின் மகரந்தம் எப்படிப் போகும்? முதற்காயை விதைக்கு விடுகிற அந்த ஒழுங்கு, பத்மாவின் விதைக்காயைக் காப்பாற்றியிருந்தது. மிச்சம் இருந்தது சிறி தொங்கவிட்ட காய் மட்டும்தான்.

"அண்ணை, எத்தினை காயிலை ரிபன் கட்டினனி?"

"ஒண்டிலையோ, ரெண்டிலையோ... தங்கச்சி, நித்திரை வருது."

"கிடைச்சது ஒரு ரிபன்தான். வடிவா யோசிச்சுச் சொல்லு."

திரை அணைந்துவிட்டது. இணையம் போய்விட்டது என்று பிறகு சொன்னாராம். குகன் நம்பவில்லை.

வியாழக்கிழமை அரசாங்க விவசாயப் போதனாசிரியர் டிலானி ஸ்கூட்டியில் வந்து இறங்கினார். கடலோரக் குருநகர்ப் பெண். "எங்கடை வீட்டிலை கத்தரிக்காயை மீன் குழம்புக்குள்ளை மட்டும்தான் கண்டிருக்கிறம், இப்ப பாருங்கோ, அதுக்குக் காவல் நிக்கிறன்" என்றார். எனக்கென்று அவருடைய அம்மா நண்டுக்கறி கொடுத்துவிட்டிருந்தார். எனக்கோ புரட்டாசி. எங்கள் வீட்டில் அந்த மாதம் முழுக்கப் பெருமாளுக்கு. மீன் நண்டு படி ஏறாது. இங்கே புரட்டாதிச் சனிக்கிழமை என்றால் சனீஸ்வரனுக்கு எள்ளெண்ணெய் எரிப்பதோடு சரி. நண்டுப் பாத்திரம் குகன் பக்கம் போனது. மணம் மட்டும் என் பங்கு.

டிலானி முதல் காரியமாகச் சட்டத்தைச் சொன்னார். "உது இஞ்சை இருக்கவே கூடாத செடி, பத்மாக்கா. நீங்களாச் சொன்னபடியால் நல்லது. மேலிடத்திலை கதைச்சிட்டன். மூலையிலை நிக்கிறதையும் மிச்ச விதையையும் என்ரை கண்ணுக்கு முன்னாலை அழிக்கச் சொல்லியிருக்கினம். நாற்றுமேடையிலை என்ன இருக்கெண்டு பாத்துச் சொன்னால், அதிலையும் உள்ளதை மட்டும் அழிச்சால் போதும். பாக்க ஏலாதெண்டால் முழுக்க அழிக்கவேணும்."

பத்மா என் டப்பாவைப் பார்த்தார். நான் பஸ் எஞ்சினை நினைத்துக்கொண்டேன். காகிதம் வெந்துபோயிருந்தால் எல்லாவற்றுக்கும் ஒரு கோடு விழும். அல்லது கோடே விழாது. ஒரு கோட்டை நம்பி ஊருக்குக் கன்று கொடுத்துவிட முடியுமா?

"முதல்ல நிச்சயமாத் தெரிஞ்ச செடியில பார்ப்போம்" என்றேன். மூலைச் செடியில் ஓர் இலை கிள்ளி, சின்னக் குழாயில் கரைசலோடு நசுக்கி, காகிதத்தை நிறுத்தினேன். நாலு தலைகள் குழாய்க்கு மேல் குனிந்தன. ஈரம் மெல்ல ஏறியது. மேல் கோடு விழுந்தது. காகிதம் வேலை செய்கிறது. அதற்குக் கீழே, ஊதாவாக, இன்னொரு கோடு.

"ரெண்டு!" என்றார் குகன், ஏலம் விடுகிறவர் மாதிரி. எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

நாற்றுமேடையில் பத்மாவின் இன்னொரு ஒழுங்கு இருந்தது. ஒரு காயின் விதை ஒரு தேங்காய்ச் சிரட்டையில். ஒரு சிரட்டை விதை ஒரு நிரையில். ஒரு காய் பழுதென்றால் அந்த நிரையோடு போகட்டும் என்பதற்காக. ரிபனின் நிறத்தைக் கேட்காத குகன், சிரட்டை விஷயத்தில் மட்டும் துளியும் பிசகவில்லை. காய்கள் கலந்திருந்தன, விதைகள் கலக்கவில்லை. எந்த நிரை அண்ணையின் காய் என்பதுதான் தெரியாது.

ஒவ்வொரு நிரையிலும் தலை, நடு, கடைசி என்று இலை கிள்ளினோம். டிலானி நசுக்கினார், நான் காகிதம் நிறுத்தினேன், குகன் நிரைத் தலைப்பில் ஈர்க்கு நட்டார். ஒரு கோடு. ஒரு கோடு. மறுபடி ஒரு கோடு. வெயில் ஏறியது. கோடு விழும்போதெல்லாம் பத்மா மூச்சு விடுகிற சத்தம் கேட்டது.

கிணற்றுப் பக்கத்து நிரையில் இரண்டு கோடு விழுந்தது.

"அம்பிட்டுட்டார் அண்ணை!" என்று கத்தினார் பத்மா. குகன் கைதட்டினார். எனக்கும் கண் கலங்கிவிட்டது. ஒரு ரிபன், ஒரு காய், ஒரு நிரை, கணக்குச் சரி. டிலானி கைகழுவ எழுந்தார். தேத்தண்ணி போடப் போவதாகக் குகன் சொன்னார்.

"இருங்கோ" என்றார் பத்மா. "மிச்சத்தையும் பாப்பம்."

"ரிபன் ஒண்டுதானேயப்பா."

"ரிபன் ஒண்டு. அண்ணை ஒண்டோ ரெண்டோ எண்டவர்."

மறுபடி குனிந்தோம். ஒரு கோடு. ஒரு கோடு. வேலியோரம் கடைசிக்கு முந்தின நிரை. மேல் கோடு விழுந்தது. நான் காகிதத்தை எடுக்கப் போனேன். பத்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். கொஞ்சம் பொறுத்து, மிக மெல்ல, கீழே இரண்டாவது கோடு வந்தது.

குகன் அந்த நிரையிலும் ஈர்க்கை நட்டார். முதல் நிரையோடு நாங்கள் நிறுத்தியிருந்தால் இந்த நிரை ஊர் முழுக்கப் போயிருக்கும்.

மத்தியானம் சிறியே அழைத்தார். நித்திரையில் நினைவு வந்ததாம். "தங்கச்சி, ரெண்டாவது காய்க்கு ரிபன் இல்லாமல் போச்சு. பையிலை கட்டுற எயார்போட் துண்டின்ரை நூலாலை கட்டினனான். வெள்ளை நூல்."

"கண்டுபிடிச்சிட்டம் அண்ணை. நீ படு" என்றார் பத்மா.

இரண்டு நிரைகளையும் வேரோடு பிடுங்கினோம். மூலைச் செடிகளையும் வெட்டி, டிலானி பார்த்து நிற்க, காய்ந்த தென்னோலை போட்டு எரித்தோம். பொட்டலத்தில் மிஞ்சிய விதையையும் பத்மாவே போட்டார். போடுவதற்கு முன், அந்தச் செடியின் கடைசிக் காயை ஒருமுறை பிளந்து பார்த்தார். வெள்ளை. "பாவம், அது என்ன பிழை செய்தது" என்று சொல்லிவிட்டு நெருப்பில் எறிந்தார்.

வெள்ளிக்கிழமை காலை, விடிந்ததும் விடியாததுமாக வாசல் படலைக்கு வெளியே சைக்கிள்கள் சாய்ந்து நின்றன. கன்று வாங்க அயல் முழுக்க வந்துவிட்டது. பத்மா குளித்து, திருநீறு பூசி, நாற்றுமேடைக்கு முன்னால் நின்றார். கன்றைத் தொடவில்லை.

"முதல் ஒரு கதை சொல்லவேணும்" என்று தொடங்கி, சூட்கேஸ், ரிபன், கோடு, நெருப்பு எல்லாவற்றையும் சொன்னார். ஒளிக்கவே இல்லை. "ஒவ்வொரு நிரையும் பாத்தாச்சு. நிக்கிறது எல்லாம் எங்கடை ஊதாக் கத்தரி. நம்பாத ஆக்கள் டிலானியிட்டைக் கேளுங்கோ."

கூட்டத்தில் ஒரு பெண் கேட்டார்: "பூச்சி வராத சாமானெண்டால் ஏன் எரிச்சனியள்? எங்களுக்கும் ஒரு கை தந்திருக்கலாமே. மருந்து அடிச்சு அடிச்சு என்ரை மனுசனுக்கு இருமல் நிக்கேல்லை."

டிலானி விளக்க வாயெடுத்தார். பத்மா முந்திக்கொண்டார்.

"எனக்கும் ஆசைதான் பிள்ளை. உன்ரை மனுசன்ரை இருமலும் எனக்குத் தெரியும், என்ரை கிணத்துத் தண்ணியும் தெரியும். அந்தக் குணம் எங்கடை கத்தரிக்குள்ளை வரட்டும். இஞ்சை, இந்த மண்ணிலை வச்சுப் பாக்கட்டும். சாப்பிடுறவனுக்கு என்னெண்டு எழுதி விக்கட்டும். விதையை நாங்களே எடுத்து வைக்கலாம் எண்டு சொல்லித் தரட்டும். பக்கத்திலை எந்த நிரை வைக்கவேணும் எண்டு சொல்லட்டும். முதல் ஆளா நான் நடுவன். ஆனால் அது வாசலாலை வரவேணும். சூட்கேசுக்குள்ளை வரக்கூடாது. முந்தி ஒருக்கால் ஒரே ராத்திரியிலை உரம் இல்லையெண்டு சொன்னவங்கள், நினைவிருக்கோ? எங்களைக் கேளாமல் எடுக்கிறதும் வேண்டாம், எங்களைக் கேளாமல் தாறதும் வேண்டாம்."

அரசாங்கம் இரசாயன உரத்தைத் தடை செய்த வருடம். இரண்டாயிரத்து இருபத்தொன்று என்று என் வாய் தானாக முணுமுணுத்தது. பக்கத்தில் நின்றவர் தலையாட்டினார். அந்த வருடத்தை அவருக்கு நான் சொல்லத் தேவையில்லை.

பிறகு கன்று பிடுங்கத் தொடங்கினார்கள். ஈரச் சாக்கில் சுற்றி, சைக்கிள் காரியரில் வைத்து, ஒவ்வொருவராகப் போனார்கள். நானும் கைகொடுத்தேன். நகத்துக்குள் செம்மண் ஏறிக்கொண்டது. என் இத்தனை வருட உத்தியோகத்தில் பிறந்தவர்களைப் பேரோடு பதிந்திருக்கிறேன்; அவர்கள் வீட்டைவிட்டுப் புறப்பட்டு வெளியே போவதை அன்றைக்குத்தான் பார்த்தது போல இருந்தது.

எல்லோரும் போன பிறகு செல்லத்துரை வந்தார். சைக்கிளைப் படலையில் சாத்திவிட்டு, கோயிலுக்கு வந்தவர் மாதிரி நின்றார்.

"கனடாக் கன்று வேண்டாமெண்டு சந்தையிலை சொன்னியளாம்?" என்றார் பத்மா.

"இது கனடாக் கன்று இல்லையெண்டு காகிதம் சொல்லிட்டுதெல்லே. கட்டு." பத்மா சாக்கில் கன்றைச் சுற்றும்போது, அவர் கிட்ட வந்து குரலைத் தாழ்த்தினார். "பத்மா... அந்த ரெண்டு கோடு விழுந்ததிலை ஒரு கன்றாவது மிச்சமில்லையோ? சும்மா, பாக்கிறதுக்கு."

பத்மா விழுந்து விழுந்து சிரித்தார். "எரிச்சாச்சு அண்ணை! நேற்றுவரைக்கும் நீங்கள்தானே எல்லாரிலும் கூடக் கத்தினது?"

"கத்தினது கத்தினதுதான். என்ரை காயிலையும் ஓட்டைதானே."

"அப்ப அதை என்ரை காதுக்குள்ளை சொல்லாதேங்கோ. வாற மாசம் விவசாயக் கந்தோரிலை தோட்டக்காரர் கூட்டம் இருக்கு, டிலானி வருவா. அங்கை எழும்பி உரக்கக் கேளுங்கோ."

செல்லத்துரை கன்றுக்கட்டைக் காரியரில் வைத்து, மெதுவாக உருட்டிக்கொண்டு ஒழுங்கைக்கு வந்தார். ஏறி மிதித்தார். திருப்பத்தில் சைக்கிளை நிறுத்தி, அயலெல்லாம் கேட்கிற குரலில் சொன்னார்: "கேப்பன்! எனக்கென்ன பயமே?"

சனிக்கிழமை காலை திரும்பினேன். இந்த முறை பை என் மடியில். நடத்துநர் அதே ஆள்தான். "ஐஸ்கிறீம் கரையாமல் போய்ச் சேந்ததோ அக்கா?" என்றார். சேர்ந்தது என்றேன். பத்மா விதை கொடுத்தாரா என்று வேலூரில் கேட்பார்கள். கொடுக்க வந்தார், நான்தான் கையை எடுத்துக்கொண்டேன். அப்படியொரு பொட்டலத்தால்தானே இத்தனையும். பதிலாக வெயிலில் காயவைத்த கத்தரிக்காய் வற்றல் வாங்கிக்கொண்டேன்.

வழியெல்லாம் செம்மண் தறைகளில் புதுக் கன்றுகள், பூவரசங் குழை நிழலுக்குள் நிமிர்ந்து நின்றன. அடுத்த சந்திக்கு முன்னால், யாரோ ஏறுவதற்காகப் பஸ் நின்றது. ரோட்டோரத்தில் இருந்த தன் இன்னொரு தோட்டத்தில் செல்லத்துரை தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். என்னைக் கண்டு வாளியோடு ஓடி வந்தார்.

"பத்மாவுக்குச் சொல்லுங்கோ, எல்லாம் நட்டிட்டன் எண்டு!" பஸ் நகரத் தொடங்கிவிட்டது. அவரும் கூடவே நடந்தார். "நடுவிலை ஒரு நிரை வெறுமனே விட்டு வச்சிருக்கிறன். வாசலாலை வரேக்கை நடுறதுக்கு!"

பஸ்ஸில் இருந்தபடியே பத்மாவை அழைத்துச் சொல்லிவிட்டேன்.